புதுப்பிப்பு: மாரோவிண்டில் மஞ்சள் ஆச்சரியக்குறிகள் மறைந்தன

சென்ற வாரம் ஒன்று கேட்டிருந்தேன். 2002-இல் வந்த மாரோவிண்ட் என்ற கணினி விளையாட்டில் ‘டாம்ரியல் ரீபில்ட்’ மோடை (ரசிகர்கள் செய்த கூடுதல் தொகுப்பை) நிறுவியபின், வீடும் மரமும் நிற்க வேண்டிய இடங்களில் மஞ்சள் ஆச்சரியக்குறிகள் தெரிவது ஏன் என்று.

காரணம் பிடிபட்டுவிட்டது. அந்த மோட் தனியாக இயங்காது; வீடு, மரம் போன்றவற்றின் உருவங்கள் அடங்கிய ‘டாம்ரியல் டேட்டா’ என்ற பொதுக் கிடங்கு வேண்டும். இதே விளையாட்டுக்கு வேறொரு மோட் செய்யும் ‘ப்ராஜெக்ட் சிரோடில்’ குழுவும் அதே கிடங்கைத்தான் பயன்படுத்துகிறது. கோப்புகளைச் சரியாகவே வைத்திருந்தேன். அவற்றுள் இருக்கும் பிஎஸ்ஏ காப்பகங்களின் (பல கோப்புகளை ஒன்றாகக் கட்டிய பொதிகளின்) பெயர்களை விளையாட்டின் ஐஎன்ஐ கோப்பில் (அமைப்புகளைக் குறித்துவைக்கும் உரைக் கோப்பில்) பதியத்தான் தவறிவிட்டேன். அந்த வரிகளைச் சேர்த்ததும் எல்லாம் சரியாகிவிட்டது. பழைய சேமிப்பும் கெடவில்லை.

நேற்று மோடில் உள்ள ஓல்டு எபன்ஹார்ட் நகரில் இரவு வெகுநேரம் சுற்றினேன். மூல விளையாட்டு வவார்டன்ஃபெல் தீவைச் சுற்றியே நின்றுவிடும். மாரோவிண்ட் மாகாணத்தின் மீதியை ரசிகர்கள் இருபது ஆண்டுகளுக்கும் மேலாக, ஊதியம் இல்லாமல், கல் கல்லாகக் கட்டிவருகிறார்கள். போக வேண்டிய இடத்தைக் காட்டும் அம்புக்குறி இங்கேயும் கிடையாது. சொன்ன வழியை நினைவில் வைத்து நடக்க வேண்டும். அந்தப் பழைய குணத்தைக் காப்பாற்றியதற்காகவே அவர்களைக் கும்பிடத் தோன்றுகிறது.

அடுத்தது நார்சிஸ், மோடின் 2025 வெளியீட்டில் சேர்ந்த பெருநகரம். ஐஎன்ஐ கோப்பைப் பார்க்கச் சொன்ன நண்பருக்கு மனமார்ந்த நன்றி.