வேறு வருடத்து வெள்ளத்தை இந்த வெள்ளமாகக் காட்டலாமா?

கத்தரிமேசை:
ஓர் ஆற்று வெள்ளம் பற்றிய ஆவணப்படத்தைத் தொகுத்துக்கொண்டிருக்கிறேன். அன்று எடுத்த காட்சிகளில் ஒரு நிமிடம்கூடத் தேறவில்லை. காப்பகத்திலிருந்து வந்த சுருளிலோ, அதே ஆற்றில் ஏழு வருடம் முன்பு வந்த வெள்ளம் அருமையாகப் பதிவாகியிருக்கிறது. "தண்ணீர் தண்ணீர்தானே, யாருக்குத் தெரியப்போகிறது?" என்கிறார் இயக்குநர். எனக்கு மனம் ஒப்பவில்லை. ஆனால் என்ன சொல்லி மறுப்பது என்று தெரியாமல் திணறுகிறேன்.

பழஞ்சுருள்:
நான் ஒருமுறை அதைச் செய்திருக்கிறேன். திரையிடல் முடிந்ததும் ஒரு பெரியவர் எழுந்தார். "தோணியில் துடுப்புப் போடுகிறவர் என் அண்ணன். நீங்கள் சொல்லும் வருடத்தில் அவர் உயிரோடு இல்லை" என்றார். கோபப்படவில்லை. அந்தக் காட்சியை மறுபடி ஓட்டச் சொன்னார், அவ்வளவுதான். மூன்று முறை ஓட்டினோம். பின்னணிக் குரலுக்கு அடியில் ஏதாவது ஓடட்டும் என்று நான் ஒட்டிய நான்கு விநாடி அது. படத்தில் மற்றதெல்லாம் உண்மை. ஆனால் அன்று அரங்கில் இருந்த யாரும் அதன்பிறகு அதை நம்பியிருக்க மாட்டார்கள்.

யார் எடுத்தது, எதற்காக எடுத்தது என்றும் தேடுங்கள். போலந்தின் வார்சா நகரில் யூதர்களை அடைத்துவைத்திருந்த கெட்டோ பகுதியில், 1942 மே மாதம் நாஜிக் குழு எடுத்த சுருள்கள், அங்கிருந்த வாழ்க்கையின் நேரடிச் சாட்சியாகப் பல படங்களில் புழங்கின. கழித்துப்போட்ட துண்டுகள் 1998இல் கிடைத்த பிறகுதான், ஒரே காட்சியைத் திரும்பத் திரும்ப நடிக்கவைத்து எடுத்தது வெளிச்சத்துக்கு வந்தது. ஒரு துண்டில் கேமராக்காரரே சட்டகத்துக்குள் வந்துவிடுகிறார்.

டப்பாவின் மேல் எழுதியிருப்பதை அப்படியே நம்ப வேண்டாம். பழைய கோடாக் சுருளாக இருந்தால் ஓரத்தில் வட்டம், சதுரம், முக்கோணம் என்று சிறு குறிகள் இருக்கும். அவை சுருள் தயாரான ஆண்டைச் சொல்லும். 20 ஆண்டுக்கு ஒருமுறை அதே குறிகள் திரும்பி வருவதால், உடைகளையும் வண்டிகளையும் சேர்த்துப் பார்த்துத்தான் முடிவுக்கு வர வேண்டும்.

ஈரச்சுவர்:
காட்சி இல்லை என்றால் இல்லை என்றே விடுங்கள். நாஜிகளின் யூதப் படுகொலை பற்றி 1985இல் வெளிவந்த 'ஷோவா' ஆவணப்படத்தை க்ளோத் லான்ஸ்மான் ஒன்பது மணி நேரத்துக்கும் மேலாக, ஒரு பழைய காட்சிகூட இல்லாமல் எடுத்தார். சொல்கிறவர்களின் முகமும் இன்றைய நிலமுமே படம். வெள்ளத்தைப் பார்த்தவர்கள் இருக்கிறார்கள் அல்லவா?

கத்தரிமேசை:
இருவருக்கும் நன்றி. தோணிக்காரரைப் பற்றி இயக்குநரிடம் சொன்னேன். இன்று சுருளை மெதுவாக ஓட்டிப் பார்த்தோம். கழுத்தளவு நீரில் ஒரு பெண், கோழிக்கூண்டைத் தலைக்கு மேல் தூக்கிப் பிடித்தபடி நடக்கிறார். கரையேறியதும் முதல் வேலையாகக் கூண்டைத் திறந்து பார்க்கிறார். அங்கே நிறுத்தச் சொன்னார் இயக்குநர். வருடத்தைத் திரையில் போட்டு, ஆறு முன்பும் ஒருமுறை ஊருக்குள் வந்தது என்று இந்தப் பெண்ணிலிருந்தே படத்தைத் தொடங்கப்போகிறோம். அவர் யார் என்று நாளை முதல் விசாரிக்கிறேன்.