எட்ச் மெஷின் சர்வீஸ் வேலை: மெக்கானிக்கல் படிச்சவன் போகலாமா?

கோவை_மெக்:

எல்லாருக்கும் வணக்கம். மெக்கானிக்கல் முடிச்சுட்டு ரெண்டரை வருஷமா கோயமுத்தூர்ல ஒரு பம்ப் கம்பெனியில இருக்கேன். மோனோபிளாக் அசெம்பிளி, டெஸ்டிங், கம்ப்ளெய்ன்ட் வந்தா பைக்கை எடுத்துக்கிட்டு பல்லடம், உடுமலைன்னு ஓடுறது. இப்ப சிங்கப்பூர்ல ஒரு வேலை வந்திருக்கு. சிப் செய்யுற வேஃபரை (மெல்லிசு சிலிக்கான் தட்டு) பிளாஸ்மா வெச்சு எட்ச் பண்ற, அதாவது அரிச்சுச் செதுக்குற, மெஷின் தயாரிக்கிற கம்பெனி. மெஷினை வாங்கின ஃபேப்லயே (சிப் தொழிற்சாலை) நின்னு அதைப் பராமரிக்கணுமாம். ஃபீல்ட் சர்வீஸ் இன்ஜினியர்னு போட்டிருக்காங்க.

இன்டர்வியூல ஒருத்தர் கேட்டார்: "ஒரு டப்பாவுல காத்தை எல்லாம் உறிஞ்சிட்டு வால்வை மூடிட்டோம். கொஞ்ச நேரத்துல உள்ள பிரஷர் ஏறுது. ஏன்?" லீக்னு சொன்னேன். "வேற?"ன்னார். முழிச்சேன். எப்படியோ எடுத்துட்டாங்க.

வீட்ல சொன்னா அப்பா, "சர்வீஸ்னா ஏ.சி. மெக்கானிக் மாதிரியா? அதுக்கு எதுக்குடா கடல் தாண்டணும்?"ங்கறார். அம்மாகிட்ட யாரோ குளோரின் வாயுன்னு சொல்லி வெச்சுட்டாங்க, அவங்க தூங்கல. எனக்கே அந்த மெஷின் என்ன பண்ணுதுன்னு சரியாத் தெரியாது. இந்தத் துறையில இருக்கறவங்க யாராவது சொல்லுங்க.

சும்மா_படிக்கிறவன்:

வேலைக்குப் போறதுக்கு முன்னாடி ஒண்ணு தெரிஞ்சுக்கோங்க. பன்னி சூட் (தூசி விழாம இருக்க ஃபேப்ல போடுற, உடம்பு முழுக்க மூடுற உடை) போட்டுட்டா டீ குடிக்கணும்னாலும் பாத்ரூம் போகணும்னாலும் முழுசாக் கழட்டி, திரும்ப முழுசா மாட்டணும். நான் எட்டு மாசத்துல ஓடி வந்துட்டேன்.

பழைய_எட்ச்காரன்:

தம்பி, 14 வருஷம் இதே வேலைதான் பார்த்தேன். சிங்கப்பூர்ல பத்து, தைவான்ல நாலு. இப்ப திருமங்கலத்துல வீட்டோட இருக்கேன். சொல்றதுக்கு நிறைய இருக்கு, பொறுமையாப் படி.

முதல்ல அந்தக் கேள்வி. வால்வை மூடினப்புறம் பிரஷர் ஏறுறதுல ரெண்டு ஜாதி. வெளிக்காத்து உள்ள நுழையுதுன்னா ஒரே சீரா ஏறும், ஸ்கேல் வெச்சு கோடு போடலாம். உள்சுவத்துல ஒட்டியிருக்கிற ஈரம் ஆவியாகுதுன்னா முதல்ல விறுவிறுன்னு ஏறி, அப்புறம் களைச்சுப்போய் வளைஞ்சு படுத்துரும். முதலாவது லீக். ரெண்டாவது, சேம்பரை, அதாவது அந்த டப்பாவை, துடைச்சவன் சரியா காயவிடலன்னு அர்த்தம். இந்த ரெண்டையும் பிரிச்சுப் பார்க்கத் தெரியாம ராத்திரி பூரா இல்லாத ஓட்டையைத் தேடினவங்களை எனக்குத் தெரியும். அந்த வரிசையில நானும் நின்னிருக்கேன்.

இனி மெஷின். ஒரு அலுமினிய சேம்பர். அடியில ஒரு மேடை, அதுமேல 300 மில்லிமீட்டர் வேஃபர் உட்காரும். கிளாம்ப், போல்ட் எதுவும் கிடையாது. நிலைமின்சாரத்தாலயே பிடிச்சு வெச்சிருக்கும். வேஃபர் சூடேறாம இருக்க அதோட முதுகுப் பக்கம் ஹீலியம் விடுவாங்க. வேலை நடக்கும்போது சேம்பர்ல பிரஷர் பெரும்பாலும் 5லேருந்து 100 மில்லி டாருக்குள்ள (டார்ங்கறது பிரஷர் அளவு). நம்ம மூச்சு விடுற காத்து 760 டார். 10 மில்லி டார்னா அதுல 76,000ல ஒரு பங்கு. அந்த வெறுமைக்குள்ள தேவையான வாயுவை அளந்து விட்டு ரேடியோ அலைவரிசை மின்சாரத்தைக் கொடுத்தா, வாயு உடைஞ்சு ஒளிரும். அதுதான் பிளாஸ்மா. பல மெஷின்கள்ல அந்த அலைவரிசை 13.56 மெகாஹெர்ட்ஸ். தொழிற்சாலை உபயோகத்துக்குன்னு உலகம் முழுக்க ஒதுக்கி வெச்ச அலைவரிசை அது, மத்தவங்க ரேடியோவுக்குத் தொல்லை கொடுக்கக்கூடாதுல்ல.

இப்ப சூட்சுமத்துக்கு வா. எலக்ட்ரான் லேசு, மின்சாரம் ஆடுற ஆட்டத்துக்கெல்லாம் ஈடு கொடுத்து ஓடும். அயனி கனம், அசையாது. ஓடுற எலக்ட்ரான் எல்லாம் வேஃபர் மேல வந்து சேர, வேஃபர் நெகட்டிவ் ஆயிரும். அந்த இழுப்புல பாசிட்டிவ் அயனிங்க மேலேருந்து செங்குத்தா வந்து விழும். ஆசிட்ல முக்கி எடுத்தா கரையான் மாதிரி பக்கவாட்டுலயும் தின்னுட்டுப் போகும். பிளாஸ்மா அப்படியில்ல, போர் போட்ட மாதிரி நேரா இறங்கும். இப்ப வர்ற மெமரி சிப்புங்களுக்கு ஒரே வேஃபர்ல லட்சம் கோடிக்கு மேல துளை போடுறாங்க. ஒவ்வொண்ணும் சாயாம இறங்கணும்.

இதைச் செய்யுற பெரிய கைங்க லாம் ரிசர்ச், டோக்கியோ எலக்ட்ரான், அப்ளைடு மெட்டீரியல்ஸ். லாம்ங்கறது ஒரு ஆளோட பேரு, டேவிட் லாம். சீனாவுல பிறந்து, வியட்நாம்லயும் ஹாங்காங்லயும் வளர்ந்து, டொரண்டோவுலயும் அமெரிக்காவுல எம்.ஐ.டி.லயும் படிச்சவர். 1980ல கலிஃபோர்னியாவுல கம்பெனி ஆரம்பிச்சார், அடுத்த வருஷமே ஆட்டோஎட்ச் 480னு முதல் மெஷின். அதுக்கு முன்னாடி பிளாஸ்மா எட்ச்னா பெரும்பாலும் ஆபரேட்டரோட கைப்பக்குவம்தான். ஒரே வேலையை ரெண்டு பேர் செஞ்சா ரெண்டு விதமா வரும், நம்ம வீட்டு ரசம் மாதிரி. அவர் அந்தப் பக்குவத்தை ஆள் கையிலேருந்து வாங்கி கம்ப்யூட்டர் கையில கொடுத்தார். இன்னிக்கும் மெஷின்ல ஏத்துற செய்முறைக்கு ரெசிபின்னுதான் பேரு.

சரி, உன் வேலை என்னன்னு கேட்ட. பிளாஸ்மா வேஃபரை மட்டுமா தின்னும்? சேம்பரையும் தின்னும், தின்னதைச் சுவத்துல அப்பியும் வைக்கும். அதனால இத்தனை ஆர்.எஃப். மணி நேரம் (ரேடியோ அலைவரிசை மின்சாரம் கொடுத்த நேரம்) ஓடினதும் திறந்து, உள்பாகங்களை மாத்தி, துடைச்சு, மூடி, பம்ப் பண்ணி, லீக் பார்த்து, சில வேஃபரை ஓட்டி சேம்பரைப் பழக்கி, தூசி எண்ணிக்கை பார்த்துத்தான் ஃபேப்காரங்ககிட்ட ஒப்படைக்கணும். இதுக்குப் பேரு பி.எம்., பழுது வர்றதுக்கு முன்னாடியே செய்யுற பராமரிப்பு. இதுல எலக்ட்ரானிக்ஸ் உண்டு, சாஃப்ட்வேர் உண்டு, ஆனா பாதிக்கு மேல சுத்தமான மெக்கானிக்கல்: டார்க் (போல்ட்டை முறுக்குற அளவு), சீலிங், அலைன்மென்ட், பம்ப். மெக்கானிக்கல் சீல் மாத்தின கை உனக்கு. தயங்காத.

எனக்கு இந்த வேலையைச் சொல்லிக் கொடுத்தது ஒரு கீறல். சேர்ந்து ஏழாவது மாசம், நைட் ஷிஃப்ட். எந்த ஃபேப்புன்னு வேண்டாம். பி.எம். முடிச்சு மூடியை மாட்டி பம்ப் பண்ணினோம். லீக் ரேட் நிமிஷத்துக்கு 1 மில்லி டாருக்குள்ள இருக்கணும். 6 காட்டுது. ஈரமா இருக்கும்னு சூடுபண்ணி ரெண்டு மணி நேரம் காத்திருந்தேன். அப்பவும் 6. கிராஃப்பைப் பார்த்தா ஸ்கேல் வெச்ச கோடு. என் சீனியர், மலேசியாவுல ஈப்போக்காரர், ஹீலியம் லீக் டிடெக்டரைத் தள்ளிக்கிட்டு வந்தார். சின்ன ட்யூப்ல ஹீலியத்தை மூடி விளிம்பு ஓரமா நூல் மாதிரி விட்டுக்கிட்டே வருவோம். எங்க ஓட்டையோ அங்க உள்ள போய் டிடெக்டர் கத்தும். ஹீலியம் மேல எழும்புற வாயு, அதனால எப்பவும் மேலேருந்து ஆரம்பிச்சுக் கீழ வரணும். கீழேருந்து போனா அது மேல ஏறி எங்கேயோ உள்ள போய் நம்மளை ஏமாத்தும். பின்பக்கம், கீல்கிட்ட வந்ததும் கத்துச்சு.

மூடியைத் தூக்கி ஓ-ரிங்கை (இடுக்கை அடைக்கிற ரப்பர் வளையம்) எடுத்துட்டு, சீனியர் டார்ச்சைப் படுக்க வெச்சு அடிச்சார். நேரா அடிச்சா ஒண்ணும் தெரியல. படுக்க வெச்சு அடிச்சதும் ஓ-ரிங் உட்கார்ற காடியில (பள்ளத்துல) குறுக்கால ஒரு முடி மாதிரி மின்னுச்சு. அவர் என்னை ஒண்ணும் கேட்கல. என் பாக்கெட்ல துருத்திக்கிட்டிருந்த ஸ்டீல் கொக்கியைத்தான் பார்த்தார். பழைய ஓ-ரிங்கை எடுக்க பிளாஸ்டிக் கொக்கிதான் உபயோகிக்கணும். அன்னிக்கு அது கையில அகப்படல, இதை எடுத்து ஒரு நெம்பு நெம்பினேன். அவ்வளவுதான் நடந்தது.

காடியோட போக்குல, வட்டமா, கீறல் இருந்தா ஓ-ரிங் ஓரளவு சமாளிச்சிரும். குறுக்கால விழுந்தா அது வெளியிலேருந்து உள்ளுக்கு வெட்டின வாய்க்கால். அதனால தேய்க்கும்போதும் வட்டப்போக்குலயே தேய்க்கணும்; குறுக்க தேய்ச்சா இன்னும் நூறு வாய்க்கால் வெட்டின கதை. மெல்லிசு நார்ப்பட்டையை என் கையில கொடுத்து, "ரவுண்ட், ரவுண்ட் மட்டும்"னார். நாப்பது நிமிஷம் தேய்ச்சேன். புது ஓ-ரிங் போட்டோம். பிளாஸ்மாவுக்குத் தாக்குப்பிடிக்கிற ரகம் அது, பெரிய சைஸ் ஒண்ணோட விலைக்கு ஊர்ல பைக் எடுக்கலாம். பம்ப் பண்ணினா 0.4. அதுக்குள்ள விடிஞ்சிருச்சு. மொத்தம் 11 மணி நேரம் மெஷின் நின்னது, காலையில கூட்டத்துல எனக்காக அவர்தான் திட்டு வாங்கினார்.

அம்மாகிட்ட இதைச் சொல்லு. குளோரின் உண்டு, ஹைட்ரஜன் புரோமைடு உண்டு, பொய் சொல்லக்கூடாது. ஆனா வாயு வர்ற குழாயெல்லாம் வெல்டு பண்ணினது, கேஸ் பாக்ஸை (வாயு வால்வெல்லாம் இருக்கிற பெட்டி) எக்ஸாஸ்ட் எப்பவும் இழுத்துக்கிட்டே இருக்கும், சென்சார் மோந்தா வால்வு தானா மூடும். நிஜமா ஜாக்கிரதையா இருக்க வேண்டியது சேம்பரைத் திறக்கிற நேரம். உலோகம் எட்ச் பண்ற சேம்பர்ல சுவத்துல ஒட்டியிருக்கிற குளோரைடு கசடு, நம்ம காத்துல இருக்கிற ஈரம் பட்டதும் ஹைட்ரோகுளோரிக் ஆசிட் ஆவியா மாறும். அதனால திறக்குறதுக்கு முன்னாடி நைட்ரஜனை நிரப்பி உறிஞ்சி, நிரப்பி உறிஞ்சின்னு பல தடவை செய்யணும். மாஸ்க் போடாம மூடியைத் தூக்காத. "மூணு தடவை போதும், டைம் இல்ல"ன்னு எவனாவது சொன்னா கையைக் கட்டிக்கிட்டு நில்லு. மின்சாரம், வாயு எதுவா இருந்தாலும் லாக்கை நீயே போடு, சாவியை உன் பாக்கெட்ல வை.

எட்ச்_ப்ராசஸ்:

அண்ணன் எழுதினது எல்லாம் சரி. நான் எதிர்ப்பக்கம், ஃபேப்ல ப்ராசஸ் இன்ஜினியர். அங்கிருந்து ஒண்ணு சொல்றேன். வேஃபர் ஓரத்துல சிப் கெட்டுப்போனா நாங்க மெஷினைச் சொல்லுவோம், உங்க ஆளுங்க எங்க ரெசிபியைச் சொல்லுவாங்க. இந்தச் சண்டை எல்லா ஃபேப்லயும் உண்டு. பெரும்பாலும் குற்றவாளி நடுவுல உட்கார்ந்திருக்கும்: வேஃபரைச் சுத்தி இருக்கிற எட்ஜ் ரிங். அதையும் பிளாஸ்மா கொஞ்சம் கொஞ்சமா அரிக்கும். தேஞ்சு உயரம் குறைஞ்சா ஓரத்துல பிளாஸ்மாவோட அடிப்பரப்பு வளையும், அயனி சாஞ்சு விழும், துளையும் சாஞ்சு போகும். நடு வேஃபர்ல எல்லாம் அழகா இருக்கும், கடைசி சில மில்லிமீட்டர் மட்டும் போயிடும்.

எனக்குப் பிடிச்ச சர்வீஸ் இன்ஜினியர் ஒருத்தர் இருந்தார். வாதாட மாட்டார். ரிங் எத்தனை மணி நேரம் ஓடினது, ரிஃப்ளெக்டட் பவர் (பிளாஸ்மா வாங்காம திரும்பி வர்ற மின்சாரம்) எப்போலேருந்து ஏற ஆரம்பிச்சது, ஹீலியம் கசிவு எவ்வளவுன்னு மூணு கிராஃபை ஒண்ணுகீழ ஒண்ணா வெச்சுக் காட்டுவார். தப்பு எங்களோடதா இருந்தாலும் அவரோடதா இருந்தாலும் அதுலயே தெரிஞ்சிடும். ஏ.சி. மெக்கானிக்னு சொல்ற அப்பாகிட்ட சொல்லுங்க, அந்த ஆள் லீவுல போனா எங்க மேனேஜர் காலண்டரைப் பார்ப்பார்.

இன்னொண்ணு, நைட் ஷிஃப்ட்டைப் பத்தி அண்ணன் லேசா தாண்டிப் போயிட்டார். பன்னிரண்டு மணி நேரம். உடம்பு கேட்கும். கல்யாணம் ஆனவங்களுக்கு இன்னும் கஷ்டம்.

செம்பனை_பேரன்:

வணக்கம், பினாங்கிலிருந்து எழுதுகிறேன். லாம் பற்றிப் பேசியதால் ஒரு செய்தி. அவர்களுடைய ஆகப் பெரிய தொழிற்சாலை இங்கே பத்து காவான் என்ற ஊரில்தான், 2021இல் திறந்தார்கள், 8 லட்சம் சதுர அடி. பினாங்குத் தீவிலிருந்து வரும், 2014இல் திறந்த இரண்டாவது பாலம் இறங்குகிற பக்கம். என் தாத்தா பத்து காவான் தோட்டத்தில் செம்பனை (பாமாயில் எடுக்கும் பனை) குலை வெட்டியவர். அந்தத் தோட்டத்துப் பெயரில் தமிழ்ப்பள்ளி இன்னும் இருக்கிறது. நான் பக்கத்தில் ஒரு வெண்டர் கம்பெனியில் கேஸ் பாக்ஸ் அசெம்பிளி செய்கிறேன். தாத்தா உயிரோடு இருந்தபோது ஒருநாள் காரில் அழைத்துப் போய்க் காட்டினேன். எல்லாவற்றையும் பார்த்துவிட்டு, "கிணறு இங்கேதான் இருந்துச்சு"ன்னு ஒரு பார்க்கிங் இடத்தைக் காட்டினார்.

தம்பிக்கு ஒரு யோசனை: சர்வீஸ் வேண்டாம் என்றால் இந்த மெஷின்களைக் கட்டுகிற பக்கமும் இருக்கிறது. வேலை நேரம் ஒழுங்கு. ஆனால் மெஷின் உயிரோடு ஓடுவதைப் பார்க்க முடியாது. நான் கட்டிய பாக்ஸ் எந்த ஊரில் இருக்கிறது என்றுகூட எனக்குத் தெரியாது.

கோவை_மெக்:

எல்லாருக்கும் ரொம்ப நன்றி. நேத்து ராத்திரி அப்பாவுக்கு முழுசாப் படிச்சுக் காட்டினேன். லாம், எம்.ஐ.டி. எல்லாத்துக்கும் சும்மா இருந்தார். கீறல் கதை வந்ததும் எந்திரிச்சு உட்கார்ந்து, "அந்த ஈப்போக்காரர் நல்ல மனுஷன்"ன்னார். அவர் முப்பது வருஷம் மில்லுல ஃபிட்டர். போன்னும் சொல்லல, போகாதன்னும் சொல்லல. காலையில பாஸ்போர்ட் எங்க இருக்குன்னு கேட்டார்.

அண்ணா, இன்னிக்கு வேலைக்குப் போனதும் எங்க ஸ்டோர்ல ரிட்டர்ன் வந்த பம்ப் பத்தை எடுத்து டார்ச்சைப் படுக்க வெச்சு அடிச்சுப் பார்த்தேன். ஆறுல குறுக்குக் கீறல். நாங்க எல்லாரும் ஓ-ரிங்கை ஸ்க்ரூ டிரைவர்லதான் நெம்புறோம். அந்த ஆறுல ரெண்டு நான் அசெம்பிள் பண்ணினது, சீட்டுல என் இனிஷியல் இருக்கு.

பழைய_எட்ச்காரன்:

சூப்பர்வைசர்கிட்ட காட்டிட்டுக் கிளம்பு. பிளாஸ்டிக் கொக்கி இல்லன்னா, மூங்கில் குச்சியைச் சீவினாலும் போதும்.