புதுப்பிப்பு: இரட்டையரில் யாருக்கு வயது குறைவு?

ஓடும் ரயிலில் இருக்கும் ஒளிக்கடிகாரம் (இரு கண்ணாடிகளுக்கிடையே ஒளி துள்ளுவதைத் துடிப்பாக எண்ணும் கடிகாரம்), சார்பியல்படி நடைமேடையில் நிற்பவருக்கு ஏன் மெதுவாகத் துடிக்கிறது என்று முந்தைய இழையில் எழுதியிருந்தேன். பலரும் கேட்டது இது: ரயிலில் இருப்பவருக்கு நடைமேடைக் கடிகாரம்தானே மெதுவாகத் தெரியும், அப்புறம் யாருக்கு வயது குறையும்?

நியாயமான கேள்வி. சூத்திரத்தை விடுங்கள், வாழ்த்துகளை எண்ணுவோம். இரட்டையரில் தங்கை பூமியில். அக்கா ஒளியின் வேகத்தில் 80 சதவீதத்தில், 4 ஒளியாண்டு தள்ளியுள்ள நட்சத்திரத்துக்குப் போய் உடனே திரும்புகிறாள். இருவரும் அவரவர் கடிகாரப்படி ஆண்டுக்கொரு ரேடியோ வாழ்த்து அனுப்புகிறார்கள். டாப்ளர் விளைவால் (விலகும்போது சமிக்ஞைகள் இடைவெளி கூடியும், நெருங்கும்போது குறைந்தும் வந்து சேர்வதால்), விலகும்போது 3 ஆண்டுக்கு ஒரு வாழ்த்துதான் வந்து சேரும். நெருங்கும்போது ஆண்டுக்கு 3.

அக்காவின் கடிகாரப்படி போக 3 ஆண்டு, வர 3 ஆண்டு. பெறுவது 1 + 9 = 10.

தங்கை கதை வேறு. அக்கா திரும்பிய சேதியே அவளுக்கு 9ஆம் ஆண்டில்தான் எட்டும்: பூமிக் கடிகாரப்படி போகும் பயணம் 5, ஒளி வந்துசேர 4. அதுவரை 3 வாழ்த்து, கடைசி ஓராண்டில் 3. ஆக 6. அதாவது தங்கைக்கு 10 ஆண்டு கூடியிருக்க, அக்காவுக்கு 6தான்; வயது குறைவு அக்காவுக்கே. சமச்சீர் உடைவது இங்கேதான். (இனி யார் யாரை அக்கா என்பது அவர்கள் பாடு!)

திரும்பும்போது ஏற்படும் முடுக்கமே வயதைக் குறைக்கிறது என்றவர்களுக்கு: தூரத்தை மட்டும் இரட்டிப்பாக்குங்கள். திருப்பம் அதேதான், வயது வித்தியாசமோ 4இலிருந்து 8 ஆண்டாகிவிடும்.