30 செகண்ட் ஜிங்கிள், கூடவே 20, 10 கட்: எப்படிக் கொடுப்பது?

மெட்டுக்காரன்:
ஜவுளிக்கடை டிவி விளம்பரத்துக்கு ஜிங்கிள். 30 செகண்ட், அதிலிருந்தே 20, 10 செகண்டுக்குச் சுருக்கிய கட்டும் கேட்கிறார்கள். மெட்டு ஓகே ஆகிவிட்டது. ஃபைல்களை எப்படித் தருவது? அக்ரிமென்டில் “எல்லா உரிமைகளும்” என்று ஒரே வரிதான் இருக்கிறது, கையெழுத்துப் போடலாமா? அடுத்து சீரியல் பின்னணி இசைக்கும் முயற்சி செய்ய எண்ணம்.

ரீரெக்கார்டிங்:
முதலில் டெம்போ, அதாவது வேகம். 96 பிபிஎம் (நிமிடத்துக்கு 96 கவுண்ட்), ஒரு பாருக்கு, அதாவது ஒரு தாளச் சுற்றுக்கு, நாலு கவுண்ட் வைத்தால் 30 செகண்டுக்கு 12 பார், 20க்கு 8, 10க்கு 4. 128-ல் 30க்கு 16 பார் அழகாக உட்காரும். ஆனால் 20 செகண்ட் பதினோராவது பாரின் நடுவில் அறுந்துவிடும்.

கடைப் பெயரை 11-வது பாரில் பாடி, 12-வது பாரின் முதல் கவுண்டில், அதாவது 27.5 செகண்டில் முடியுங்கள். ரிவெர்ப் (எதிரொலி போல நீளும் ஓசை) 29.5க்குள் அடங்கிவிடும். 20க்கு முதல் 6 பார், 10க்கு முதல் 2 பார், இரண்டிலும் பின்னால் இதே கடைசி 2 பார். 2, 6, 10 மூன்று பார்களும் ஒரே கார்டில் (சேர்ந்து ஒலிக்கும் சுரக் கூட்டில்) முடிந்தால்தான் ஒட்டு தெரியாது. பலர் கோட்டை விடுவது இங்கேதான். மெட்டு ஓகே ஆனபிறகும் கார்டை மாற்றலாம், யாரும் கவனிக்க மாட்டார்கள்.

ஃபைல் 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட் வேவ். 44.1-ல் கொடுத்து, வாங்குபவர்கள் அதை 48 என்று ஓடவிட்டால் சுருதி ஏறி, பாட்டு 27.6 செகண்டில் முடிந்துவிடும். முழு மிக்ஸ், குரல் இல்லாதது, குரல் மட்டும், தாளம், மற்ற வாத்தியங்கள்: தனித்தனி ஃபைலாக, எல்லாம் பூஜ்ய செகண்டிலிருந்தே தொடங்கட்டும். லிமிட்டரில் (உச்ச சத்தத்தை அமுக்கும் கருவி) நசுக்காதீர்கள். அறிவிப்பாளர் குரல் வரும் இடத்தில் புல்லாங்குழல், வயலினை நிறுத்திவிடுங்கள். சத்தத்தைக் குறைத்தால் மட்டும் போதாது.

டப்பாங்குத்து:
தீபாவளி ஜவுளிக்கு 96 தூங்கிவழியும் சார். 144 வையுங்கள்: 18, 12, 6 பார். அதுவும் மூன்றிலும் முழுசாகவே வரும்.

ரீரெக்கார்டிங்:
சரிதான். ஆனால் 144-ல் ஒரு பார் 1.67 செகண்ட்தான். நீளமான கடைப் பெயர் என்றால் இரண்டு பார் ஒதுக்குங்கள்.

ஒப்பந்தம்:
அந்த ஒரு வரியை நம்பிக் கையெழுத்துப் போடாதீர்கள். எந்த மீடியா, எத்தனை வருடம், எந்த ஊர்கள், எத்தனை முறை திருத்தம் என்று எழுதி வாங்குங்கள். பதிப்புரிமைச் சட்டம் 19-வது பிரிவுப்படி காலம் குறிப்பிடாவிட்டால் 5 ஆண்டு, இடம் குறிப்பிடாவிட்டால் இந்தியாவுக்குள் மட்டும். ஏஜென்சி வக்கீலுக்கு இது தெரியும், அதனால் “நிரந்தரமாக, உலகம் முழுவதும்” என்று பின்னால் சேர்க்கச் சொல்வார். அப்படியானால் தொகையும் வேறு. 2012 திருத்தத்துக்குப் பிறகு, இசையமைப்பாளருக்கு வரவேண்டிய ராயல்டிப் பங்கை எழுதி வாங்கினாலும் செல்லாது. இசை ராயல்டியை வசூலித்துத் தரும் ஐபிஆர்எஸ் அமைப்பில் உறுப்பினராகிப் பாட்டைப் பதிவு செய்யுங்கள்.

ரெடிமேட் லூப்பை (யாரும் வாங்கிப் பயன்படுத்தக்கூடிய, திரும்பத் திரும்ப ஓடும் இசைத் துண்டு) தனியாக ஒலிக்கவிடாதீர்கள். அதே லூப்பை வேறொருவர் தன் பாட்டில் வைத்துப் பதிந்திருந்தால், யூடியூபில் பதிப்புரிமை கிளெய்ம் உங்கள் கிளையன்ட் மீது விழும்.

டைட்டில்சாங்:
சீரியலுக்கு எபிசோடு எபிசோடாக இசை எழுத நேரம் கிடைக்காது. பேங்க்தான், அதாவது முன்கூட்டியே செய்துவைத்த இசைத் துண்டுகளின் தொகுப்புதான் கேட்பார்கள். டைட்டில் மெட்டையே சோகம், வில்லி, கல்யாணம், காமெடி என்று பிரித்து, ஒவ்வொன்றிலும் ஒரு நிமிடத் துண்டும் 5 செகண்ட் அதிர்ச்சித் துண்டும் கொடுங்கள். எல்லாம் ஒரே சுருதியில் இருந்தால் எடிட்டர் எதோடும் எதையும் ஒட்டலாம். ஃபைல் பெயரில் ராகத்தை எழுதாதீர்கள். “சோகம்_வயலின்_மெதுவாக” என்றிருந்தால்தான் ராத்திரி இரண்டு மணிக்கு அவர் அதைத் தேடி எடுப்பார்.