கதையுலகின் ஒலி விதிகளுக்கு ‘அதிர்யாப்பு’: ஒரு முன்மொழிவு

அன்புள்ள அனைவருக்கும் வணக்கம்.

ஒலியால் பொருள்களின் உருவையே மாற்றக்கூடிய ஓர் உலகத்தை நாவலாக எழுதிவரும் தம்பி, அந்த ஆற்றலைக் கட்டுக்குள் வைத்திருக்கும் விதிகளின் தொகுதிக்குத் தமிழ்ச்சொல் கேட்டிருந்தார். ஒலிமந்திரம், நாதவிதி, அதிர்வுச் சட்டம், ஒலியாணை ஆகியவை இதுவரை வந்திருக்கின்றன. நான் ‘அதிர்யாப்பு’ என்ற சொல்லை முன்வைக்கிறேன். காரணம் சொல்லக் கொஞ்சம் இடம் வேண்டும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

அந்த உலகத்தில் ஒவ்வொரு பொருளுக்கும் தனக்கென ஓர் அதிர்வெண் உண்டு. பாடுபவர் அதைப் பிடித்தால்தான் பொருள் இளகும். இளகிய பொருள் ஒரு மூச்சு நீடிக்கும் வரைதான் வளைந்துகொடுக்கும். ஒரே பொருளின் மேல் இருவர் சற்றே விலகிய சுருதிகளில் பாடினால் விம்மல், அதாவது இரு ஒலிகள் கலந்து ஓசை ஏறி இறங்கித் துடிப்பது, எழுந்து அந்தப் பொருள் சிதறிவிடும். ஆக, பாடுபவர் நினைத்ததெல்லாம் அங்கே நடப்பதில்லை. பொருளும் மூச்சும் எதற்கு இடம் கொடுக்கின்றனவோ அதுதான் நடக்கும். நாம் தேடும் சொல்லில் இந்தக் கட்டுப்பாடு தெரிய வேண்டும், ஆற்றலின் பெருமை அல்ல.

ஒலிமந்திரம் இதனாலேயே விலகிப்போகிறது. நாதவிதி என்றால் பாதிப் பேர் தலைவிதியை நினைப்பார்கள். சட்டம் ஒருவர் போட்டு இன்னொருவர் மீறக்கூடியது. மூச்சு தீர்ந்துபோவதை யாரும் மீற முடியாது.

ஒலியாணையை அப்படி எளிதில் ஒதுக்க மனம் வரவில்லை. அதை முன்மொழிந்த ஐயா தொல்காப்பியச் செய்யுளியலிலிருந்து காட்டிய மேற்கோள் அருமையானது: ‘நிறைமொழி மாந்தர் ஆணையிற் கிளந்த மறைமொழி தானே மந்திரம் என்ப’. சொன்னது நடக்கும் என்ற எண்ணத்துக்கு இதைவிடப் பழைய, இதைவிட அழகான சான்று நமக்கு வேண்டியதில்லை. ஆனால் ஆணை என்றால் சொல்பவரின் விருப்பம்தான் முதன்மை. தம்பியின் கதையில் அப்படி இல்லை.

உண்மையான ஒலியும் அப்படி நடந்துகொள்வதில்லை. எர்ன்ஸ்ட் கிளாட்னி என்ற ஜெர்மானியர் 1787இல் வெளியிட்ட நூலில் ஒரு சோதனையை விவரித்தார். உலோகத் தகட்டின் மேல் மணலைத் தூவி, வயலின் வில்லால் தகட்டின் விளிம்பை இழுத்தால், அதிரும் இடங்களிலிருந்து மணல் துள்ளி விலகி, அசையாத கணுக்கோடுகளில் போய்ச் சேரும். நட்சத்திரம், வலை, வளையம் என்று உருவங்கள் தோன்றும். எந்த உருவம் வரும் என்பது வில்லை இழுப்பவரின் ஆசையைப் பொறுத்ததல்ல. தகடு வட்டமா சதுரமா, எந்த இடத்தில் பிடித்திருக்கிறோம், விரலால் எங்கே தொட்டிருக்கிறோம் என்பவைதான் தீர்மானிக்கின்றன. விரல் பட்ட இடம் அசையாது, அந்த இடத்தின் வழியே ஒரு கணுக்கோடு ஓடும். விரலை நகர்த்தினால் வேறு உருவம். இதற்குக் கணித விளக்கம் தந்ததற்காக 1816இல் சோஃபி ஜெர்மேன் பிரெஞ்சு அறிவியல் கழகத்தின் பரிசைப் பெற்றார். வில் வலிமையை மட்டும் தருகிறது, உருவத்தைத் தருவது கட்டு.

கட்டு என்பதற்குத் தமிழில் நல்ல சொல் இருக்கிறதே! யாத்தல் என்றால் கட்டுதல். ஒலியை அளந்து, இது இதற்குப் பின் வரலாம், இது வரக்கூடாது என்று வகுத்துக் கட்டிய விதித்தொகுதிக்கு நம் முன்னோர் வைத்த பெயர் யாப்பு. அதிரும் யாப்பு அதிர்யாப்பு, வினைத்தொகை.

இதில் எனக்கு மிகவும் பிடித்தது, இந்த ஒரு சொல்லோடு ஒரு குடும்பமே கூட வருவதுதான். அசை என்றால் செய்யுளின் சிறு உறுப்பு, நகர்தல் என்ற பொருளும் அதற்குண்டு. அதிர்வின் மிகச்சிறிய அலகுக்கு அதையே வைக்கலாம். அசைகள் சேர்ந்தால் சீர். சீரும் சீரும் இணையும் ஒழுங்கு தளை, விலங்கு என்ற பொருளோடு. வெண்பாவில் காய்ச்சீருக்குப் பின் நேரசைதான் வர வேண்டும், நிரை வந்தால் தளை தட்டும். கதையில் ஒருவர் விதி தவறிப் பாடிச் சுவர் சரியும்போது ‘தளை தட்டிவிட்டது’ என்று ஒரு பாத்திரம் சொன்னால் போதும், விளக்கவுரை வேண்டாம். அப்புறம், உருவாகி நிற்கும் பொருளுக்கு யாக்கை. உடம்பைக் குறிக்கும் அந்தச் சொல்லும் இதே யா என்ற வேரிலிருந்து வந்ததுதான். யாப்பவர், யாப்பு, யாக்கை என மூன்றும் ஒரே வேரில் அமைகின்றன. நாதவிதியிலிருந்து இப்படி எதையும் பெற முடியாது.

யாப்பு என்றால் செய்யுள் இலக்கணம்தானே, குழம்பாதா என்று சிலர் கேட்பீர்கள். இலங்கையில் நாட்டின் அடிப்படைச் சட்டத்தை அரசியல் யாப்பு என்றும் எழுதுகிறார்கள். அங்கே யாரும் வெண்பாவை எதிர்பார்த்து அதைத் திறப்பதில்லை. முன்னால் நிற்கும் சொல் பொருளைத் தெளிவாக்கிவிடும். ரகர ஒற்றுக்குப் பின் யகரம் வருவது உறுத்துகிறது என்றால், ‘வேர் யாது’ என்று இயல்பாகத்தானே சொல்கிறோம்.

இலங்கைப் பாடநூல்களிலிருந்து இன்னொரு சொல்லையும் எடுத்துக்கொள்ளச் சொல்வேன். தமிழ்நாட்டில் நாம் ஒத்ததிர்வு என்று படித்ததை அங்கே பரிவு என்கிறார்கள். பாடுபவரின் குரலும் கல்லின் இயல்பான அதிர்வும் ஒன்றும் தருணத்துக்குப் பரிவு என்று பெயர் வைத்தால், கல்லிடம் இரக்கம் இல்லாதவரால் கல்லை இளக்க முடியாது என்ற பொருளும் சேர்ந்துவிடும். தம்பி, இதை விட்டுவிடாதீர்கள். அதிர்வெண்ணுக்கு அங்குள்ள மீடிறன் நல்ல சொல்தான், ஆனால் அதிர்யாப்போடு வேர் ஒத்துப்போவதால் இங்கே அதிர்வெண்ணே இருக்கட்டும்.

ஐயாவின் மேற்கோளும் வீணாக வேண்டாம். கதையில் விதிகள் வகுக்கப்படுவதற்கு முந்தைய காலத்தில் கட்டற்ற ஆற்றல் கொண்ட மூத்தோர் வருகிறார்கள். அவர்களை நிறைமொழியர் என்று அழைக்கலாம்.

எதிரெதிரே நின்று வேண்டுமென்றே விம்மலை எழுப்பிப் பொருளைச் சிதறடிக்கும் போர்முறைக்கு இன்னும் சொல் அமையவில்லை. விம்மற்போர் என்றால் அழுகைதான் முதலில் நினைவுக்கு வருகிறது. முரண்தொடை என்று வைக்கலாமா? செய்யுளில் எதிர்ப்பொருள்களை இணைத்துத் தொடுப்பது அது, தொடை என்பது அம்பு தொடுப்பதையும் குறிக்கும். இதைவிடப் பொருத்தமானது இருந்தால் எழுதுங்கள்.