கிளைக்கோபோரின்: தமிழில் எப்படிச் சொல்லலாம்?

அன்புள்ள ஐயா,

சிவப்பணுவின் மேற்பரப்பில் சர்க்கரையைச் சுமந்து நிற்கும் புரதமான கிளைக்கோபோரினுக்கு நீங்கள் தந்த 'சர்க்கரைப்புரதம்' என்ற தமிழ்ச்சொல் போதாது என்று நினைக்கிறேன். சர்க்கரை ஒட்டிய எந்தப் புரதத்துக்கும் அந்தப் பெயர் பொருந்தும், எதிர்ப்பொருளும் சர்க்கரைப்புரதம்தான். 'போரின்' என்பது சுமப்பதைக் குறிக்கும் கிரேக்கச் சொல்லிலிருந்து வந்தது. அந்தச் சுமை நம் சொல்லில் இல்லை.

சுமையும் சின்னதல்ல. கிளைக்கோபோரின் ஏ-யின் எடையில் ஏறக்குறைய 60 சதவீதம் சர்க்கரை. ஒரே சிவப்பணுவில் இது சுமார் 10 லட்சம் இருக்கும். 131 அமினோ அமிலங்கள் கோத்த இழை, சிவப்பணுவின் சவ்வை ஒரே முறை துளைத்து, ஒரு முனையை வெளியே நீட்டி நிற்கிறது. 1927இல் லேண்ட்ஸ்டெய்னரும் லெவினும் கண்டறிந்த எம், என் ரத்த வகைகள் அந்த முனையில்தான் இருக்கின்றன. எம் வகையில் முதல் ஐந்து அமிலங்கள் செரின், செரின், திரியோனின், திரியோனின், கிளைசின். என் வகையில் முதலாவது லூசின், ஐந்தாவது குளுட்டாமிக் அமிலம். நடுவில் உள்ள மூன்றும் மாறுவதில்லை. அந்த மூன்றிலிருந்தும் சர்க்கரைச் சங்கிலிகள் கிளைத்து நிற்கின்றன.

ஏபிஓ வகையில் மரபணு தருவது நொதி. சர்க்கரையை ஒட்டும் வேலை நொதியுடையது. எம், என் வகையில் மரபணு தரும் புரதமே வகையைச் சொல்லிவிடுகிறது. அப்பாவிடமிருந்து எம் வகையும் அம்மாவிடமிருந்து என் வகையும் வந்தவரின் ரத்தம், எம் வகையைப் பிடிக்கும் எதிர்ப்பொருள் உள்ள ஆன்டி-எம் சீரம் விட்டாலும் மணல் மணலாகத் திரளும், ஆன்டி-என் விட்டாலும் திரளும். இணை ஓங்குத்தன்மையை, அதாவது இரு பெற்றோரின் பண்பும் ஒருசேர வெளிப்படுவதை, கண்ணால் பார்க்க இதைவிட நல்ல இடம் எனக்குத் தெரியாது.

முதலில் 'சர்க்கரையேந்தி' என்றுதான் எழுதினேன். ரத்தம் கொடுக்க வந்த ஒருவரிடம் அந்தச் சொல்லை வைத்து விளக்கினேன். அவர் முகம் வாடிப்போய், "எனக்கு சுகர் இருக்காம்மா?" என்று கேட்டார். அன்றோடு அதை விட்டுவிட்டேன்.

இப்போது என் பரிந்துரை 'கிளையேந்தி'. மூலச்சொல்லின் ஒலியும் இருக்கிறது, புரதத்தின் தோற்றமும் இருக்கிறது.

*

அம்மா,

'ஏந்தி' அருமை. 1969இல் பின்லாந்தில் கிளைக்கோபோரின் ஏ இல்லாத சிவப்பணு கொண்டவரைப் பற்றி எழுதினார்களே, அதைக் 'கிளையேந்தி-ஏ இன்மை' என்று எழுதிப் பார்த்தேன், உறுத்தவில்லை. ஆனால் மாணவருக்குக் கிளை என்றதும் மரமும் வங்கியும்தானே நினைவுக்கு வரும், சர்க்கரை எங்கே? அப்புறம், பழந்தமிழில் கிளை என்றால் சுற்றம். ரத்தவகைக்கு அது பொருத்தமாகத் தோன்றுகிறது. விளக்கத்தில் சேர்க்கலாமா?

*

ஐயா,

சர்க்கரைச் சங்கிலியைக் 'கிளைக்கன்' என்றே வைத்துக்கொள்வோம். கிளைக்கனை ஏந்துவது கிளையேந்தி என்று ஒருமுறை சொன்னால் மாணவருக்குப் பிடிபட்டுவிடும்.

சுற்றம் வேண்டாம் ஐயா. கிளையேந்தியில் ஏ, பி, சி, டி என நான்கு உண்டு. ஏ, பி இரண்டும் 4ஆம் குரோமோசோமில் அடுத்தடுத்து இருக்கும் மரபணுக்களிலிருந்து வருபவை, உண்மையான உறவு. சி, டி இரண்டும் 2ஆம் குரோமோசோமில் உள்ள ஒரே மரபணுவிலிருந்து வருபவை. ஏ, பி-யோடு அவற்றுக்கு உறவு கிடையாது. சர்க்கரை சுமப்பதால் மட்டுமே அதே பெயர் கிடைத்தது. சுற்றம் என்று எழுதினால் நான்கையும் ஒரே குடும்பமாகப் படித்துவிடுவார்கள். மரக்கிளை என்றே விளக்குவோம்.