பதின்மூன்று அணிகள், ஆறு நாடுகள்: செக் தற்காப்பு ஆட்டக்காரர் ஒருவரின் பட்டியலை எப்படிப் படிப்பது?

கெம்ப்டன்பார்க் தந்தை எழுதியது

அன்பர்களுக்கு வணக்கம். என் மகனுக்குப் பன்னிரண்டு வயது. மூன்று ஆண்டுகளாக இங்கே தென்னாப்பிரிக்காவில் ஒரு பேரங்காடிக்குள் இருக்கும் பனித்திடலில் ஐஸ் ஹாக்கி பழகி வருகிறான். வெளியே டிசம்பர் வெயில் கொளுத்தும்போது நான் மட்டும் கம்பளிச் சட்டையோடு கண்ணாடித் தடுப்புக்குப் பின்னால் உட்கார்ந்திருப்பதைப் பார்த்து, சாமான் வாங்க வந்தவர்கள் சிரித்துக்கொண்டு போவது எனக்குப் பழகிவிட்டது.

சென்ற மாதம் இரண்டு வாரப் பயிற்சி முகாமுக்கு, செக் நாட்டிலிருந்து ஓய்வுபெற்ற தற்காப்பு ஆட்டக்காரர் ஒருவர் வந்திருந்தார். மூன்றாம் நாளே என் மகனைச் சுட்டிக்காட்டி, "இவனை முன்வரிசையில் ஓடவிட்டது போதும், பின்னால் நிறுத்துங்கள்" என்று சொல்லிவிட்டார். மகனுக்கு முகம் வாடிவிட்டது. கோல் போடும் இடத்திலிருந்து கோலைத் தடுக்கும் இடத்துக்கு அனுப்புவதைப் பதவி இறக்கம் என்றுதான் அவனும் நினைத்தான், நானும் நினைத்தேன். இவர் பேச்சை எவ்வளவு நம்பலாம் என்று அறிய இணையத்தில் அவருடைய ஆட்டப் பட்டியலைத் தேடி எடுத்தேன். அதைப் பார்த்த பிறகு குழப்பம் கூடியதே தவிரக் குறையவில்லை.

பத்தொன்பது ஆண்டுகளில் இருபத்தேழு வரிகள். செக், ஸ்லோவாக்கியா, பின்லாந்து, ஜெர்மனி, இத்தாலி, பிரான்ஸ் என்று ஆறு நாடுகளில் பதின்மூன்று அணிகள். ஒரே பருவத்தில் மூன்று வரிகள் இருக்கும் ஆண்டும் உண்டு; பின்லாந்தில் அரைப் பருவத்தோடு சரி. சொந்த நாட்டில் ஒரு பருவத்தில் மூன்று கோலுக்கு மேல் போடாதவர், பிரான்சில் முப்பத்து நான்காம் வயதில் பதினொரு கோல் போட்டிருக்கிறார். என் அப்பா கோயம்புத்தூரில் ஒரே ஆலையில் முப்பத்தோராண்டு வேலை பார்த்து ஓய்வுபெற்றவர். அந்தக் கண்ணோடு பார்த்தால், இவர் எங்கும் நிலைக்காதவர் என்றுதான் தோன்றுகிறது. விவரம் தெரிந்தவர்கள் விளக்க வேண்டுகிறேன்.

முன்னாள் பிர்னோவாசி எழுதியது

அண்ணா, வணக்கம். சென்சூரியனுக்கு வருவதற்கு முன்பு வேலை நிமித்தம் ஆறு ஆண்டுகள் செக் நாட்டின் பிர்னோ நகரில் இருந்தேன். அங்கே கொமெட்டா என்ற அணியின் ஆட்டத்துக்குப் போகாமல் குளிர்காலத்தைக் கழிப்பது, மதுரையில் இருந்துகொண்டு சித்திரைத் திருவிழாவுக்குப் போகாமல் இருப்பதைப் போன்றது. அந்த அணி 1966-க்குப் பிறகு 2017 வரை ஒரு பட்டமும் வெல்லவில்லை; ஆனாலும் அரங்கம் நிறையும்.

முதலில், வரிகளின் எண்ணிக்கையும் இடமாற்றங்களின் எண்ணிக்கையும் ஒன்றல்ல. செக் நாட்டின் முதல் நிலைத் தொடரான எக்ஸ்ட்ராலிகாவில் 14 அணிகள் இருக்கின்றன. பருவத்துக்கு 52 ஆட்டங்கள், அதற்குப் பிறகு வெளியேற்றுச் சுற்று. ஓர் அணி ஓர் ஆட்டத்துக்கு ஆறு அல்லது ஏழு தற்காப்பு ஆட்டக்காரர்களைத்தான் களமிறக்கும். எட்டாவது ஆளாக இருக்கும் இருபது வயதுப் பையன் பெஞ்சில் உட்கார்ந்து கெட்டுப்போகக் கூடாது என்பதற்காக அவனை இரண்டாம் நிலை அணி ஒன்றுக்கு இரவல் கொடுப்பார்கள். அதிலும், பெரிய அணியின் சட்டையையும் சிறிய அணியின் சட்டையையும் ஒரே பருவத்தில் மாறி மாறிப் போட அனுமதிக்கும் ஏற்பாடு ஒன்று உண்டு. அவர்கள் மொழியில் அதற்கு 'மாற்றுத் தொடக்கம்' என்று பொருள்படும் பெயர். செவ்வாய்க்கிழமை பெரிய அரங்கத்தில் நான் பார்த்த இளைஞன், அடுத்த நாள் நாற்பது கிலோமீட்டர் தள்ளியிருந்த சிற்றூர் அரங்கத்தில், தன் பையைத் தானே தூக்கிக்கொண்டு பின்வாசல் வழியாக உள்ளே போனதை நேரில் கண்டிருக்கிறேன். பட்டியலில் அது இரண்டு அணிகள், இரண்டு வரிகள். அவனை யாரும் விரட்டவில்லை. அவன் இல்லாமல் இரண்டு அணிகளுக்கும் ஓடவில்லை.

உங்கள் அப்பாவின் ஆலையைப் பற்றிச் சொன்னதால் இன்னொன்றையும் சொல்கிறேன். ஒரே வரியில் முடிந்த பட்டியல்களும் செக் நாட்டில் உண்டு, ஆனால் அவற்றின் கதை வேறு. யான் சுஹீ என்ற தற்காப்பு ஆட்டக்காரர் 1969-இலும் 1971-இலும் உலக சாம்பியன்ஷிப் போட்டியின் சிறந்த தற்காப்பு ஆட்டக்காரராகத் தேர்ந்தெடுக்கப்பட்டவர். அவர் தம் சிறந்த ஆண்டுகளை யிஹ்லவா நகரின் ராணுவ அணியிலேயே கழித்தார். அக்காலத்தில் வெளிநாட்டு அணிக்குப் போக அரசின் அனுமதி வேண்டும்; அந்த அனுமதியும் முப்பது வயதைக் கடந்து, கால் தளரத் தொடங்கிய பிறகுதான் பெரும்பாலும் கிடைக்கும். யிர்ஷி புப்லா 1981-இல் முறைப்படி அனுமதி பெற்று கனடாவின் வான்கூவர் அணிக்குப் போனபோது அவருக்கு முப்பத்தொரு வயது. காத்திருக்க விரும்பாத பெட்ர் ஸ்வோபோடா, 1984-இல் இளையோர் போட்டிக்காக மேற்கு ஜெர்மனிக்குப் போனவர், நாடு திரும்பவே இல்லை. பதினான்கு ஆண்டுகளுக்குப் பிறகு, 1998 நகானோ ஒலிம்பிக் இறுதியாட்டத்தில் ரஷ்யாவை 1–0 என்று வென்ற அந்த ஒற்றைக் கோலைச் செக் நாட்டுக்காக அடித்தவரும் அவரேதான். தற்காப்பு ஆட்டக்காரர் கோல் போடமாட்டார் என்று உங்கள் மகன் சொன்னால் இதை எடுத்துக் காட்டுங்கள்.

கிங்ஸ்மீட் படிக்கட்டு எழுதியது

ஐயா, டர்பனிலிருந்து எழுதுகிறேன். ஐஸ் ஹாக்கி எனக்குத் தெரியாது, கிரிக்கெட் தெரியும். ஆனால் இந்தப் பட்டியலைப் பார்த்ததும் எனக்கு நினைவுக்கு வந்த சொல் 'கோல்பாக்'. நம் கைல் அபாட்டும் ரைலி ரூசோவும் 2017 ஜனவரியில் நாட்டு அணியை விட்டு இங்கிலாந்தின் ஹாம்ப்ஷயர் அணிக்குப் போனபோது, இங்கே தேநீர்க் கடையிலிருந்து கோயில் திண்ணை வரை அந்தச் சொல்லைச் சொல்லித் திட்டாதவர் கிடையாது. அது கிரிக்கெட் சொல்லே அல்ல என்பது பலருக்குத் தெரியாது.

மாரோஷ் கோல்பாக் ஸ்லோவாக்கியாவைச் சேர்ந்த ஹேண்ட்பால் கோல்காப்பாளர். ஜெர்மனியில் ஒரு சிறிய அணியில் ஆடிக்கொண்டிருந்தார். ஐரோப்பிய ஒன்றியத்துக்கு வெளியே உள்ளவர்களில் இருவரைத்தான் களமிறக்கலாம் என்ற விதி அவருடைய பிழைப்பில் கை வைத்தது. தம் நாடு ஒன்றியத்தோடு ஒப்பந்தம் செய்துகொண்டிருக்கும்போது, முறைப்படி வேலை பார்க்கும் தம்மை வேறுபடுத்துவது தவறு என்று வழக்குத் தொடுத்தார். 2003 மே மாதம் ஐரோப்பிய நீதிமன்றம் அவர் பக்கம் தீர்ப்பளித்தது. தென்னாப்பிரிக்காவுக்கும் ஒன்றியத்தோடு அதைப் போன்ற ஒப்பந்தம் இருந்ததால், நம் பந்துவீச்சாளர்களும் மட்டையாளர்களும் அந்தக் கதவு வழியாக இங்கிலாந்துக்குள் நுழைந்தார்கள். பிரெக்சிட் வந்து கதவைச் சாத்தியது.

ஆகவே, ஐயா, உங்கள் பயிற்சியாளர் நிலைக்காதவர் அல்லர்; கதவு திறந்த காலத்தில் ஆடியவர். 2004 மே 1-ஆம் தேதி செக் நாடு ஒன்றியத்தில் சேர்ந்த பிறகு, அந்நாட்டு ஆட்டக்காரர் எந்த வரம்பும் இல்லாமல் ஐரோப்பாவில் எங்கு வேண்டுமானாலும் போய் ஆடலாம் அல்லவா?

முன்னாள் பிர்னோவாசி எழுதியது

கோல்பாக் கதையை இவ்வளவு தெளிவாக யாரும் சொல்லிக் கேட்டதில்லை, அண்ணா. ஆனால் கடைசி வாக்கியத்தை மட்டும் திருத்த வேண்டும். வேலை பார்க்கும் உரிமை வேறு, ஆட்டத்தாளில் இடம் கிடைப்பது வேறு. ஸ்விட்சர்லாந்து ஒன்றியத்திலேயே இல்லை. அங்கே ஓர் ஆட்டத்துக்கு நான்கு வெளிநாட்டவர்தான் என்றிருந்த வரம்பை 2022-23 பருவத்திலிருந்துதான் ஆறாக உயர்த்தினார்கள். ஜெர்மனி ஒன்றியத்துக்குள் இருந்தும், அதன் முதல்நிலைத் தொடரில் செக் ஆட்டக்காரரும் வெளிநாட்டவர் கணக்கில்தான் வருகிறார். பிரான்சில், உள்நாட்டில் பயிற்சி பெற்று வளர்ந்தவர்கள் குறைந்தது இத்தனை பேர் இருக்க வேண்டும் என்று வேறு வழியில் அதையே செய்கிறார்கள்.

இதன் விளைவை யோசித்துப் பாருங்கள். வெளிநாட்டவருக்கான இடம் குறைவு என்பதால், அந்த இடத்தில் உட்காருபவர் உள்ளூர்க்காரரைவிடத் தெளிவாக மேலானவராக இருக்க வேண்டும். அவருக்கு ஓராண்டு ஒப்பந்தம்தான் பெரும்பாலும் கிடைக்கும். நவம்பரில் அணியின் முன்வரிசை சோபிக்கவில்லை என்றால், கனடாவிலிருந்து ஒரு கோல் அடிப்பவரைக் கொண்டுவர அந்த ஓர் இடத்தைக் காலி செய்வார்கள்; குறை சொல்ல முடியாதபடி ஆடிக்கொண்டிருந்த தற்காப்பு ஆட்டக்காரர் பெட்டி கட்டுவார். பின்லாந்தின் அரைப் பருவம் அப்படி நேர்ந்திருக்கலாம். நாடு விட்டு நாடு போகும் ஒவ்வொரு முறையும் சர்வதேசக் கூட்டமைப்பின் மாற்று அட்டை ஒன்று வேண்டும்; அதில் இரு நாட்டுச் சங்கங்களும் ஒப்ப வேண்டும். ஒழுங்கீனத்தால் துரத்தப்பட்டவருக்கு அடுத்தடுத்த நாடுகளில் ஆண்டுக்கணக்கில் வேலை கிடைத்துக்கொண்டே இருக்காது. சிறிய உலகம் அது. பயிற்சியாளர்கள் ஒருவருக்கொருவர் தொலைபேசியில் விசாரித்துக்கொள்வார்கள்.

லெனேசியா நீலக்கோடு எழுதியது

நானும் வாரத்துக்கு இரண்டு இரவுகள் தற்காப்பில் ஆடுபவன். தரம் பற்றிக் கேட்காதீர்கள். அந்தப் பதினொரு கோலைப் பற்றி யாரும் பேசவில்லை, அதனால் எழுதுகிறேன்.

எதிரணியில் ஒருவர் தண்டனைப் பெட்டிக்குப் போனால் நம் பக்கம் ஐவர், அவர்கள் பக்கம் நால்வர். இதற்கும் பவர் பிளே என்றுதான் பெயர். கிரிக்கெட்டில் நாம் கேட்பது அல்ல. அப்போது எதிரணிப் பகுதியின் எல்லையான நீலக்கோட்டின் நடுவில் ஒருவர் நின்று ஆட்ட வட்டை வாங்கி, இடமும் வலமும் பிரித்துக் கொடுத்து, வழி திறந்தால் அடிப்பார். சொந்த நாட்டில் அந்த இடம் அணியின் முதல் நட்சத்திரத்துக்குப் போகும். மூன்றாவது இணையில் ஆடுபவர் தொலைவிலிருந்து பார்த்துக்கொண்டிருப்பார். அதே ஆள் பிரான்சுக்கு வெளிநாட்டு ஆட்டக்காரராகப் போகும்போது, அந்த இடம் முதல் நாளே அவருடையது. களத்தில் இருக்கும் நேரமும் பன்னிரண்டு நிமிடத்திலிருந்து இருபதுக்கு மேல் ஏறும். ஆகவே முப்பத்து நான்காம் வயதில் அவர் திடீரென்று கோல் அடிக்கக் கற்றுக்கொண்டார் என்றும் சொல்ல முடியாது, பிரெஞ்சுத் தொடர் எளிது என்று மட்டும் சொல்லி ஒதுக்கவும் முடியாது. வேலையே வேறு வேலை.

வெளிநாட்டு அனுபவம் ஆளை எவ்வளவு மாற்றும் என்பதற்கு செக் நாட்டின் கிளாட்னோ அணிக்காரர்கள் இருவரைப் பாருங்கள். பிரான்டிஷெக் காபெர்லே 1995 முதல் நான்கு பருவங்கள் சுவீடனின் மோடோ அணியில் ஆடி, இருபத்தைந்தாம் வயதில்தான் வட அமெரிக்காவின் முதன்மைத் தொடரான என்.எச்.எல்.-இன் ஆள் தேர்வில் எடுக்கப்பட்டார், 2006-இல் அந்தத் தொடரின் ஸ்டான்லி கோப்பை இறுதிச் சுற்றின் ஏழாவது ஆட்டத்தில் கரோலினா அணிக்கு வெற்றிக் கோலை அடித்தார், அதுவும் பவர் பிளேயில். கிளாட்னோ அணியில் வளர்ந்த மாரெக் ஜிட்லிட்ஸ்கி 1999 முதல் 2003 வரை பின்லாந்தின் ஹெல்சிங்கியில் ஆடிய பிறகே என்.எச்.எல். அணியான நாஷ்வில்லுக்குப் போனார். ஐரோப்பிய அரங்கங்கள் வழக்கமாக 30 மீட்டர் அகலம், வட அமெரிக்காவில் 26-தான். அகலமான பனியில் தற்காப்பு ஆட்டக்காரர் ஆளைத் துரத்தினால் தோற்றார். கோணத்தை அடைத்து, எதிராளியைச் சுவரோரமாக ஒதுக்கிக்கொண்டே பின்னோக்கி வழுக்க வேண்டும். உங்கள் பையனிடம் அந்தப் பயிற்சியாளர் கண்டது அனேகமாக அவனுடைய பின்னோக்கிய வழுக்கலைத்தான்.

பட்டியலில் எந்தக் கையால் அடிப்பவர் என்று ஒரு குறிப்பு இருக்கும், பாருங்கள். தற்காப்பு ஆட்டக்காரர்களில் பெரும்பாலோர் இடப்பக்க மட்டைக்காரர்கள். வலப்பக்க மட்டைக்காரராக இருந்தால், கேசவ் மகாராஜைப் போன்ற இடக்கைச் சுழலரை எல்லா அணிகளும் தேடுவது போல, அவரையும் தேடுவார்கள்.

கெம்ப்டன்பார்க் தந்தை எழுதியது

அனைவருக்கும் நன்றி. நேற்றிரவு மகனும் நானும் பட்டியலைத் தாளில் அச்சிட்டு, மேசையில் பரப்பி வைத்து, இரவல் வரிகளைப் பென்சிலால் அடித்தோம். இருபத்தேழில் பதினொன்று போய்விட்டன. பிரான்சில் மூன்று பருவங்கள் ஒரே அணி என்பதை நான் முதலில் கவனிக்கவே இல்லை. வலப்பக்க மட்டைக்காரர்தான். கடைசி வரி, அவர் பிறந்த ஊரின் அணி, மூன்றாம் நிலை, நான்கே ஆட்டங்கள். அதை மகன் அடிக்க விடவில்லை.

முகாம் முடிந்து அவர் ஊருக்குப் போய்விட்டார். மகன் இரண்டு வாரமாகப் பின்னால் நிற்கிறான். சனிக்கிழமை ஆட்டத்தில் அவன் கோல் எதுவும் போடவில்லை. அவன் பனியில் இருந்தபோது எதிரணியும் போடவில்லை. நம்மவர்கள் இரண்டு போட்டார்கள். வீட்டுக்கு வரும் வழியில், காலணிப் பையை மடியில் வைத்துக்கொண்டு, அந்தக் கணக்கை அவனே சொன்னான்.